பதினோராம் இடத்தின் அருமை: ஜெனோவாவின் 2023–24 சீசன் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

இத்தாலியக் கால்பந்து என்றாலே இன்டர், மிலான், யுவென்டஸ் என்று மூன்று பெயர்களோடு பேச்சு முடிந்துவிடுகிறது. அதனால் பட்டியலின் நடுவில் முடித்த ஒரு அணியை எடுத்துக்கொண்டு, அந்த சீசனைப் பற்றிப் பலரும் கேட்கும் கேள்விகளுக்கு இங்கே பதில் எழுதியிருக்கிறேன். அணி ஜெனோவா. சீசன் 2023 ஆகஸ்ட் முதல் 2024 மே வரை.

பதினோராம் இடம் பிடித்த அணியைப் பற்றி இவ்வளவு பேச என்ன இருக்கிறது?

நிறைய இருக்கிறது. முதலில் கணக்கைப் பார்த்துவிடுவோம். 38 ஆட்டங்களில் 12 வெற்றி, 13 டிரா, 13 தோல்வி, 49 புள்ளிகள். அடித்த கோல் 45, வாங்கிய கோலும் 45. எட்டாம் இடத்தில் முடித்த ஃபியோரென்டினாவுக்கு 11 புள்ளிகள் கீழே, 18-ஆம் இடத்தில் முடித்துக் கீழ்ப்பிரிவுக்கு இறங்கிய ஃப்ரோசினோனேவுக்கு 14 புள்ளிகள் மேலே. இதைவிட நட்டநடுவில் ஒரு அணி நிற்க முடியாது.

ஆனால் இதே அணி முந்தைய வருடம் இரண்டாம் பிரிவான சீரி பி-யில் ஆடிக்கொண்டிருந்தது. அதற்கும் முன்பு, 2021–22 சீசனில், வெறும் 28 புள்ளிகளோடு 19-ஆம் இடத்தில் முடித்து இறங்கியிருந்தது. அங்கிருந்து மேலே வந்த முதல் வருடத்திலேயே 49 புள்ளிகள். 2014–15-க்குப் பிறகு ஜெனோவா முதல் பிரிவான சீரி ஆ-வில் எடுத்த அதிகப் புள்ளிகள் இவைதான். மேலே வந்த அணிக்குப் பிழைத்துக் கிடந்தாலே போதும் என்பதுதான் வழக்கமான எதிர்பார்ப்பு. இவர்கள் அந்தக் கவலையை வசந்த காலத்துக்கு முன்பே தாண்டிவிட்டார்கள்.

ஜெனோவா எப்படிப்பட்ட கிளப்?

இத்தாலியில் இன்று ஆடிக்கொண்டிருக்கும் கிளப்புகளில் மிகப் பழையது. 1893 செப்டம்பர் 7-இல், ஜெனோவா துறைமுக நகரத்தில் இருந்த ஆங்கிலேயர்கள் தொடங்கியது. ஆரம்பத்தில் கிரிக்கெட்டும் தடகளமும்தான். பின்னால் ஜேம்ஸ் ஸ்பென்ஸ்லி என்ற மருத்துவர் வந்து கால்பந்தை வேரூன்ற வைத்தார். 1898-இல் தூரின் நகரில் ஒரே நாளில் நடந்து முடிந்த இத்தாலியின் முதல் சாம்பியன்ஷிப்பை வென்றவர்கள் இவர்களே. மொத்தம் ஒன்பது பட்டங்கள். கடைசிப் பட்டம் 1923–24-இல். அப்படியானால் நாம் பேசும் சீசன் அந்தக் கடைசிப் பட்டத்தின் நூறாவது ஆண்டு. பத்தாவது பட்டத்துக்காக ஒரு நூற்றாண்டு காத்திருந்தும் மைதானத்தை நிரப்பும் ரசிகர்கள் இவர்களுடையவர்கள்.

மைதானத்தைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லியே ஆக வேண்டும். மராஸ்ஸி பகுதியில் உள்ள லூயிஜி ஃபெராரிஸ் மைதானம் 1911-இல் திறக்கப்பட்டது. முதல் உலகப் போரில் உயிர்விட்ட ஜெனோவா வீரரின் பெயர் அது. 1990 உலகக் கோப்பைக்காக முழுதாக இடித்துக் கட்டினார்கள். நான்கு மூலையிலும் செந்நிறக் கோபுரங்கள், நடுவில் ஓட்டப்பாதை எதுவும் இல்லாமல் புல்வெளியை ஒட்டியே எழும் பார்வையாளர் வரிசைகள். பக்கத்திலேயே பிசாஞ்ஞோ ஆறு, நகரத்துச் சிறைச்சாலை, சுற்றிலும் அடுக்குமாடி வீடுகள். சுமார் 33 ஆயிரம் பேர் உட்காரலாம். வடக்குப் பக்க வரிசையில் நிற்கும் ரசிகர்கள் பாட ஆரம்பித்தால் எதிரணிக்கு மூச்சு முட்டும். இந்த சீசனின் 49 புள்ளிகளில் 30 இங்கேதான் வந்தன என்பதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

கீழே போனது எப்படி, மேலே வந்தது எப்படி?

2021 செப்டம்பரில் அமெரிக்காவின் 777 பார்ட்னர்ஸ் நிறுவனம் கிளப்பை வாங்கியது. அந்த சீசனிலேயே பல்லார்தினி, ஷெவ்சென்கோ, பிளெஸ்ஸின் என்று பயிற்சியாளர்கள் மாறிக்கொண்டே இருந்தார்கள். வெற்றி மட்டும் வரவில்லை. 2022 ஏப்ரல் 30-இல், சக நகர எதிரியான சம்ப்தோரியாவுக்கு எதிரான ஆட்டத்தில் 1–0 எனப் பின்தங்கியிருந்தபோது, கடைசி நிமிடங்களில் பெனால்டி கிடைத்தது. அடித்தவர் கேப்டன் தோமேனிகோ கிரிஷித்தோ, இந்தக் கிளப்பில் வளர்ந்த ஆள். கோல்கீப்பர் அவுதேரோ தடுத்துவிட்டார். அடுத்த வாரமே யுவென்டஸுக்கு எதிராக, அதேபோலக் கூடுதல் நேரத்தில், இன்னொரு பெனால்டி. மீண்டும் அவரே பந்தைக் கையில் எடுத்தார், அடித்தார், வென்றார்கள். அந்தத் துணிச்சலை நினைத்தால் இப்போதும் சிலிர்க்கிறது. ஆனாலும் அணி இறங்கியது. பதினைந்து வருடங்கள் தொடர்ந்து சீரி ஆ-வில் இருந்த பிறகு வந்த இறக்கம் அது.

சீரி பி-யில் முதல் பாதி தடுமாறியதும், 2022 டிசம்பரில் இளையோர் அணியைப் பார்த்துக்கொண்டிருந்த அல்பெர்ட்டோ ஜிலார்டினோவிடம் பொறுப்பைக் கொடுத்தார்கள். 2006-இல் உலகக் கோப்பை வென்ற இத்தாலிய அணியின் முன்கள வீரர், முன்பு ஜெனோவாவுக்கும் ஆடியவர். அதன்பின் அணி நிமிர்ந்து, இரண்டாம் இடம் பிடித்து, 2023 மே 6-இல் அஸ்கோலியை 2–1 என வென்று மேலே வருவதை உறுதிசெய்தது.

ஜிலார்டினோ அணியை எப்படி ஆடவைத்தார்?

பெரும்பாலும் 3-5-2. பின்னால் மூன்று தடுப்பாளர்கள், இரு ஓரங்களிலும் ஏறி இறங்கி ஓடும் ஆட்கள், நடுவில் கேப்டன் மிலன் படெல், முன்னால் ரெத்தேகியும் குட்மண்ட்சனும். பந்தைத் தங்களிடமே வைத்துக்கொள்ளத் துடிக்கும் அணி இல்லை. இடைவெளி விடாமல் நெருக்கமாக நின்று, பந்து கிடைத்ததும் குட்மண்ட்சனைத் தேடும் அணி.

என் கண்ணுக்கு இந்த அமைப்பின் உயிர்நாடி மோர்ட்டன் ஃப்ரென்ட்ரப். டென்மார்க்கைச் சேர்ந்த இவர் உயரமோ பெரிய பெயரோ இல்லாதவர். எதிரணி நடுக்களத்தில் திரும்பும் இடத்திலெல்லாம் வந்து காலை நீட்டிப் பந்தைப் பறிப்பார். பக்கத்தில் படெல் வயதானவர், வேகம் இல்லை. ஆனால் எப்போது நிதானிக்க வேண்டும் என்று தெரிந்தவர். ஒருவர் ஓட, இன்னொருவர் யோசிக்க, அந்த ஜோடி பல பெரிய நடுக்களங்களுக்கு ஈடுகொடுத்தது.

ஆரம்பமே தோல்விதானே?

ஆமாம், பலத்த அடி. ஆகஸ்ட் 19-இல் சொந்த மைதானத்தில் ஃபியோரென்டினாவிடம் 1–4. மேலே வந்ததும் ஊரே திரண்டு வந்திருந்த இரவு அது. ஒரு வாரம் கழித்து ரோமுக்குப் போய் லாட்ஸியோவை ரெத்தேகியின் ஒற்றைக் கோலில் வென்றார்கள். பிறகு நடப்பு சாம்பியனாக இருந்த நாப்போலியோடு 2–2. செப்டம்பர் 28-இல் ஜோசே மொரீன்யோவின் ரோமா வந்தது, 4–1 என வாங்கிக்கொண்டு திரும்பியது. குட்மண்ட்சன், ரெத்தேகி, தோர்ஸ்பி, மெசியாஸ் ஆளுக்கொரு கோல். அந்த இரவுதான் 'இந்த வருடம் நாம் தப்பிப்போம்' என்ற நினைப்பு ஊருக்குள் வந்திருக்கும் என்று நினைக்கிறேன்.

மிலானின் முன்கள வீரர் ஜிரூ கோல்கீப்பராக நின்ற ஆட்டம் இவர்களோடுதானா?

இவர்களோடுதான். 2023 அக்டோபர் 7, ஃபெராரிஸ் மைதானம், எதிரே மிலான். உலகமே பார்த்த அந்தக் காட்சியில் பெரும்பாலும் மிலான் பக்கத்துக் கதை மட்டும்தான் சொல்லப்படுகிறது. ஜெனோவா பக்கமிருந்து பார்ப்போம்.

87-ஆம் நிமிடம் வரை 0–0. மிலான் போன்ற அணியைக் கோல் அடிக்கவிடாமல் பிடித்து வைத்திருந்தார்கள். அப்போது மிலானின் மாற்று வீரராக வந்திருந்த புலிசிச் பந்தை அடக்கி உள்ளே அடித்தார். அடக்கும்போது கையில் பட்டதா என்று நீண்ட நேரம் வீடியோவில் பார்த்தார்கள். தெளிவான ஆதாரம் இல்லை என்று கோல் நின்றது. மைதானம் கொதித்தது.

அதோடு முடியவில்லை. கூடுதல் நேரத்தில், உயரமாக வந்த பந்துக்காக மிலான் கோல்கீப்பர் மெய்ன்யான் பாய்ந்து வந்து ஜெனோவாவின் எகுபான் மீது மோதினார். சிவப்பு அட்டை. மிலானுக்கு மாற்று வாய்ப்புகள் தீர்ந்துவிட்டிருந்தன. 37 வயது முன்கள வீரர் ஒலிவியே ஜிரூ கீப்பர் சட்டையை மாட்டிக்கொண்டு கம்பங்களுக்கு நடுவில் போய் நின்றார். பெட்டிக்கு வெளியே ஃப்ரீ கிக், அடிப்பவர் குட்மண்ட்சன். பந்து சுவராக நின்ற வீரர்களைத் தாண்டிக் குறுக்குக் கம்பத்தில் மோதித் திரும்பியது. ஓர் அங்குலம் கீழே என்றால் 1–1. சற்று நேரத்தில் ஜெனோவாவின் புஷ்காஷ் பந்தை நோக்கி ஓட, ஜிரூ துணிந்து முன்னால் வந்து விழுந்து பந்தைத் தள்ளிவிட்டார். ஜெனோவா கீப்பர் ஜோசெப் மார்ட்டினெஸும் சமன் செய்யும் ஆவேசத்தில் முன்னால் ஓடிவந்து, ஃபவுல் செய்து, இரண்டாவது மஞ்சள் அட்டை வாங்கி வெளியேறினார். இரண்டு கீப்பர்களும் களத்தில் இல்லாமல் ஆட்டம் முடிந்தது. மிலான் பட்டியலின் உச்சிக்குப் போனது. ஜிரூவின் கீப்பர் சட்டையைக் கிளப் கடையில் விற்பனைக்கே வைத்தார்கள்.

ஜெனோவாவுக்குக் கிடைத்தது பூஜ்யம். ஆனால் தோற்ற அணி தலைகுனிந்து போகவில்லை. அந்த கோபம்தான் அவர்களை அடுத்த மாதங்களில் பெரிய அணிகளுக்கு எதிராக வேறு மாதிரி நிறுத்தியது என்பது என் எண்ணம்.

பெரிய அணிகளிடம் நன்றாக ஆடிவிட்டு, சின்ன அணிகளிடம் ஏன் தோற்றார்கள்?

இந்தக் கேள்வி சரியான இடத்தில் விழுகிறது. யுவென்டஸோடு இரண்டு ஆட்டமும் டிரா. நாப்போலியோடு இரண்டும் டிரா. 94 புள்ளிகளோடு சாம்பியனான இன்டரோடு சொந்த மண்ணில் 1–1. இது ஒரு பக்கம். இன்னொரு பக்கம், இலையுதிர் காலத்தில் லெச்சே, கலியாரி, ஃப்ரோசினோனே, மோன்சா என வரிசையாக வெளியூரில் தோல்வி. கலியாரியும் ஃப்ரோசினோனேவும் இவர்களோடு சேர்ந்து மேலே வந்த அணிகள்.

காரணம் அமைப்பில் இருக்கிறது. பெரிய அணி முன்னேறி வரும்போது பின்னால் இடம் விடும். அந்த இடம் குட்மண்ட்சனுக்குப் போதும். சின்ன அணி தானும் பின்னால் போய் நின்றுகொண்டால், பந்தை ஜெனோவாதான் நடத்த வேண்டும். அதற்கான ஆட்கள் குறைவு. ரெத்தேகியும் செப்டம்பர் 28-க்குப் பிறகு ஜனவரி 21 வரை லீக்கில் ஒரு கோல் கூட அடிக்கவில்லை.

19 ஆட்டங்கள் முடிந்தபோது 21 புள்ளிகள். பிற்பாதியில் 28. ஜனவரியில் சலெர்னிதானாவையும் லெச்சேயையும், ஏப்ரலில் வெரோனாவையும் கலியாரியையும் அடித்தார்கள். அதாவது அடிக்க வேண்டியவர்களை அடிக்கக் கற்றுக்கொண்டார்கள். பட்டியலில் ஏறியதற்கு யுவென்டஸோடு போட்ட டிராக்களைவிட இந்த வெற்றிகளே முக்கியக் காரணம்.

ஆல்பர்ட் குட்மண்ட்சன் அவ்வளவு பெரிய ஆளா?

அந்த வருடம், ஆம். லீக்கில் 14 கோல்கள், அணி அடித்ததில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு. 2022 ஜனவரியில் நெதர்லாந்தின் ஏ.இசட். அணியிலிருந்து வந்தபோது அவரைப் பற்றி யாரும் பெரிதாகப் பேசவில்லை. இடதுபக்க ஓரத்தில் ஓடுபவராக இருந்தவரை ஜிலார்டினோ முன்களத்தில் சுதந்திரமாக உலவவிட்டார். நடுக்களத்துக்கு இறங்கி வந்து பந்தை வாங்குவார், திரும்புவார், அதன்பின் அவரைப் பிடிக்க ஃபவுல்தான் செய்ய வேண்டும்.

குடும்பக் கதையும் சுவையானது. ஐஸ்லாந்துக்காரரான இவருடைய கொள்ளுத்தாத்தாவின் பெயரும் ஆல்பர்ட் குட்மண்ட்சன்தான். 1940-களின் இறுதியில் மிலானுக்கு ஆடியவர், பின்னாளில் ஐஸ்லாந்தின் நிதி அமைச்சர். அப்பா குட்மண்டுர் பெனடிக்ட்சனும் கால்பந்து வீரர். 2016 யூரோ கோப்பையில் ஆஸ்திரியாவை ஐஸ்லாந்து வென்றபோது தொண்டை கிழியக் கத்திய வர்ணனையாளர் நினைவிருக்கிறதா? அவரேதான்.

ரெத்தேகிக்கு 7 கோல்தானே?

எண்ணை மட்டும் பார்த்தால் குறைவு. அர்ஜென்டினாவில் பிறந்து, டிக்ரே அணிக்கு ஆடிக்கொண்டிருந்தவரை பயிற்சியாளர் மன்சீனி 2023 மார்ச்சில் இத்தாலிய தேசிய அணிக்கு அழைத்தார். அறிமுக ஆட்டத்திலேயே இங்கிலாந்துக்கு எதிராகக் கோல். அந்த ஜூலையில் ஜெனோவாவுக்கு வந்தார். ஐரோப்பாவில் அவருக்கு அது முதல் வருடம். தடுப்பாளர்களோடு முட்டி மோதி குட்மண்ட்சனுக்கு இடம் திறந்துவிட்டவர் இவர்தான். பிப்ரவரியில் உதினேசேவுக்கு எதிராக முதுகைக் காட்டித் தலைகீழாகப் பாய்ந்து அடித்த கோலைப் பாருங்கள், அப்புறம் சொல்லுங்கள்.

டிராகுஷினை நடு சீசனில் ஏன் விற்றார்கள்?

பணம். ருமேனியத் தடுப்பாளர் ராடு டிராகுஷின் டிசம்பர் 29-இல் இன்டருக்கு எதிராகத் தலையால் முட்டிச் சமன் செய்தார். இரண்டு வாரத்துக்குள் டோட்டன்ஹாமுக்குப் போய்விட்டார். பயர்ன் மியூனிக்கும் கேட்டது, அவர் லண்டனைத் தேர்ந்தெடுத்தார். சுமார் 2.5 கோடி யூரோ என்று செய்தி வந்தது. அந்த ஜனவரியில் அணி சரிந்துவிடும் என்று பயந்தவர்கள் ஏராளம். சரியவில்லை. பானி, வாஸ்கெஸ், டி வின்டர் மூவரும் பின்களத்தைத் தாங்கிப் பிடித்தார்கள். முற்பாதியில் 24 கோல் வாங்கிய அணி, அவர் இல்லாத பிற்பாதியில் 21 மட்டுமே வாங்கியது. இந்த சீசனில் ஜிலார்டினோவின் ஆகச் சிறந்த வேலை இதுதான் என்பேன்.

சம்ப்தோரியாவோடு மோதும் நகர டெர்பி நடக்கவில்லையா?

இல்லை. ஜெனோவா மேலே வந்த அதே கோடையில் சம்ப்தோரியா கீழே போனது. ஒரே மைதானத்தைப் பகிர்ந்துகொள்ளும் இரு அணிகள், இரு வேறு பிரிவுகளில்.

கோப்பைப் போட்டி?

கோப்பா இத்தாலியாவில் மொதெனாவை 4–3 என வென்று தொடங்கி, டிசம்பரில் லாட்ஸியோவிடம் 1–0 எனத் தோற்று வெளியேறினார்கள்.

கிளப் உரிமையாளர் விவகாரம் ஆட்டத்தைப் பாதித்ததா?

களத்தில் தெரியவில்லை, அதுவே ஆச்சரியம். 777 பார்ட்னர்ஸ் 2023 செப்டம்பரில் இங்கிலாந்தின் எவர்ட்டனை வாங்க ஒப்பந்தம் போட்டது. மாதக்கணக்கில் இழுத்து, 2024 ஜூன் தொடக்கத்தில் அது கைவிடப்பட்டது. அதற்கு முன்பே, மே மாதத்தில், கடன் கொடுத்த லீடன்ஹால் நிறுவனம் நியூயார்க்கில் வழக்குப் போட்டிருந்தது. உரிமையாளரைப் பற்றி இப்படியெல்லாம் செய்தி வந்துகொண்டிருந்த மே மாதத்தில்தான் ஜெனோவா மிலானின் மைதானமான சன் சீரோவில் அவர்களோடு 3–3 ஆடியது, சசுவோலோவை 2–1 என வென்றது, கடைசி ஆட்டத்தில் போலோன்யாவை 2–0 என வென்றது. அந்த போலோன்யா சாம்பியன்ஸ் லீகுக்குத் தகுதி பெற்ற அணி. அதன் பயிற்சியாளர் தியாகோ மோட்டா ஒருகாலத்தில் ஜெனோவாவுக்கு ஆடியவர், கொஞ்ச காலம் பயிற்சி கொடுத்தவரும்கூட.

அடுத்து என்ன ஆனது?

வலிக்கும் பதில். கோடையில் மார்ட்டினெஸ் இன்டருக்குப் போனார். அட்டலாந்தாவின் முன்கள வீரர் ஸ்கமாக்கா காயமடைந்ததும் அவர்கள் ரெத்தேகியை வாங்கிப் போனார்கள். குட்மண்ட்சன் ஃபியோரென்டினாவுக்கு. கீப்பர், முன்களத்தின் இரண்டு பேர் என முதுகெலும்பே போய்விட்டது. நவம்பரில் ஜிலார்டினோவையும் அனுப்பிவிட்டு பட்ரிக் வியேராவைக் கொண்டுவந்தார்கள். இது நியாயமில்லை என்று அன்றும் தோன்றியது, இன்றும் தோன்றுகிறது. ஆட்களை எல்லாம் விற்றுவிட்டுப் பயிற்சியாளரைக் குறை சொல்ல முடியாது. டிசம்பரில் ருமேனியத் தொழிலதிபர் டான் ஷுக்கு கிளப்பின் கட்டுப்பாட்டை எடுத்துக்கொண்டார். வியேரா அணியை நிலைநிறுத்தி 43 புள்ளிகளோடு 13-ஆம் இடத்தில் முடித்தார். அதே சீசனில் ரெத்தேகி அட்டலாந்தாவுக்காக 25 கோல் அடித்து சீரி ஆ-வின் அதிக கோல் அடித்தவரானார்.

ஒரே ஒரு ஆட்டம் பார்க்க நேரம் இருக்கிறது. எதைப் பார்க்கலாம்?

ரோமாவை வென்ற 4–1 என்று பலரும் சொல்வார்கள். நான் மே 5-இல் நடந்த மிலான் ஆட்டத்தைச் சொல்வேன். சொந்தக் கிளப் நிர்வாகத்தின் மேல் கோபத்தில் மிலானின் தீவிர ரசிகர்கள் பாடாமல் இருந்த நாள் அது. தொடக்கத்திலேயே ரெத்தேகியின் பெனால்டி, இடைவேளைக்கு முன் ஃப்ளொரென்சி சமன் செய்தார். இடைவேளை முடிந்ததும் எகுபான் தலையால் முட்டி 2–1. பிறகு மூன்று நிமிட இடைவெளியில் கப்பியாவும் ஜிரூவும் அடித்து மிலான் முன்னால் போனது. முன்பிருந்த ஜெனோவாவாக இருந்தால் அங்கேயே கதை முடிந்திருக்கும். ஆனால் ஜெனோவாவின் விட்டின்யா பெட்டிக்குள் விடாமல் நெருக்க, 87-ஆம் நிமிடத்தில் மிலான் தடுப்பாளர் தியாவின் உடலில் பட்டுப் பந்து உள்ளே போனது. முழு ஆட்டத்தையும் பாருங்கள், கோல்களை மட்டும் பார்த்தால் ஃப்ரென்ட்ரப் ஓடியது தெரியாது.